படம்பிடிக்கப்பட்டோர் சங்கம்

நியூயார்க்கில் ஆஸ்கர் பெர்லினர் என்று ஒரு பெரியவர் இருந்தார். ஆயத்த ஆடைத் தொழில் செய்து ஓய்ந்தவர், விவாகரத்து ஆனவர், தனியாக வாழ்ந்தவர். காது கொஞ்சம் மந்தம். கோபம் துளிகூட மந்தமில்லை. இவருடைய மகன் ஆலன் பெர்லினர் சினிமா எடுப்பவர். பாட்டு, சண்டை, இடைவேளை எல்லாம் உள்ள சினிமா இல்லை. தாத்தா, அப்பா, உறவுக்காரக் கவிஞர் என்று சொந்தக் குடும்பத்து ஆட்களையே ஒவ்வொருவராகப் பிடித்துப் படமாக்குகிறவர். 1996-ல் அப்பாவின் முறை வந்தது. படத்தின் பெயர் 'நோபடிஸ் பிசினஸ்'. ஒரு மணி நேரப் படம். அதில் பெரும்பகுதி நேரம் பெரியவர் சொல்வது ஒன்றே ஒன்றுதான்: நான் ரொம்பச் சாதாரண ஆள், கல்யாணம் பண்ணினேன், பிள்ளைகளை வளர்த்தேன், உழைத்தேன், இதில் படம் எடுக்க என்ன இருக்கிறது, எவன் உட்கார்ந்து பார்ப்பான்?

பார்த்தார்கள். பெர்லின் திரைப்பட விழாவில் பரிசு கொடுத்தார்கள். அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் காட்டினார்கள், எம்மி விருதும் வந்தது. பெயரிலேயே ஆஸ்கரை வைத்துக்கொண்டிருந்தவர் அப்பா, பரிசெல்லாம் மகனுக்கு.

இந்த மாதிரிப் படங்களைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் படம் எடுத்தவர் பக்கம் நின்றே எழுதுகிறார்கள். வேர்களைத் தேடுகிறார், அடையாளத்தை விசாரிக்கிறார், நினைவோடு மல்லுக்கட்டுகிறார் என்கிறார்கள். சரி, தேடட்டும். ஆனால் ஈசிசேரில் சாய்ந்து காபி குடித்துக்கொண்டிருந்த ஒரு மனிதரின் சட்டையில் மைக்கை மாட்டி, 'உங்கள் கல்யாண வாழ்க்கை ஏன் முறிந்தது?' என்று கேட்டால் அவருடைய நிலைமை என்ன? படம்பிடிக்கப்பட்டோருக்கு ஒரு சங்கம் வேண்டாமா? தலைவர் பதவிக்கு ஆஸ்கர் பெர்லினரைவிடத் தகுதியானவர் கிடையாது. செயலாளர் பதவிக்கு அடியேன் மனு போடுகிறேன்.

எனக்கு ஏன் இந்தக் கரிசனம் என்றால், என் மகள் விஸ்காம் கடைசி வருஷம் படிக்கிறாள். 'தன்வரலாற்று ஆவணப்படம்' என்று ஒரு பிராஜெக்ட். மதிப்பெண் உண்டு. தன் வரலாறு என்றால் தன்னையல்லவா எடுக்க வேண்டும்? அவளோ கேமராவைக் கையில் வைத்துக்கொண்டு நேராக என்னைப் பார்த்தாள். "என் அடையாளம் உங்ககிட்டேர்ந்துதானேப்பா வந்தது" என்றாள். வருமான வரிக்கு ஆதார் கேட்டபோதுகூட நான் இவ்வளவு கலங்கியதில்லை.

ஒத்திகை மாதிரி முதலில் அந்த ஆஸ்கர் படத்தை வீட்டு டிவியில் போட்டாள். நான், என் மனைவி, என் அம்மா மூவரும் பார்த்தோம். வசனத்தை மகளே அவ்வப்போது தமிழில் சொன்னாள். ஓர் இடத்தில் ஆலன் ஒரு பழைய புகைப்படத்தை எடுத்து நீட்டுகிறார். போலந்து தேசத்தில் ராய்குருட் என்ற சின்ன ஊரிலிருந்து கிளம்பிய குடும்பம் அவர்களுடையது. மகன் அந்த ஊர் வரைக்கும் போயிருக்கிறார். அமெரிக்காவில் சால்ட் லேக் சிட்டியில் மார்மன் திருச்சபையினர் உலகம் முழுவதிலும் உள்ள பிறப்பு, இறப்பு, கல்யாணப் பதிவேடுகளை மைக்ரோஃபிலிமில் சேர்த்து வைத்திருக்கும் பெரிய நூலகம் இருக்கிறது, அங்கேயும் போய்த் துழாவியிருக்கிறார். இத்தனை அலைச்சலுக்குப் பிறகு, 'இவர்தான் உங்கள் தாத்தா' என்று பூரிப்போடு காட்டுகிறார். அப்பா அதைப் பார்த்துவிட்டு, எனக்கு இவரைத் தெரியாது, இவரைப் பற்றி எனக்கு ஒரு அக்கறையும் இல்லை என்கிறார்.

என் மனைவி டிவியைப் பார்க்கவில்லை. என்னைத் திரும்பிப் பார்த்தாள். அப்புறம் அம்மா திரும்பினாள். கடைசியாக மகள் படத்தையே நிறுத்திவிட்டுத் திரும்பினாள்.

நான் என்ன செய்ய? அமாவாசைக்கு எள்ளும் தண்ணீரும் இறைக்கும்போது ஐயர் மூன்று தலைமுறைப் பெயர் கேட்பார். அப்பா பெயரைக் கணீரென்று சொல்வேன். தாத்தா பெயருக்குக் குரல் இறங்கும். மூன்றாவதற்கு வாயை மட்டும் அசைப்பேன். அவரும் அனுபவஸ்தர், மந்திரத்தை அந்த இடத்தில் உரக்கச் சொல்லிவிடுவார். இப்படிப்பட்டவனிடம் வேர் கேட்டு வந்தால் எங்கே போவேன்?

அப்பாவும் மகனும் முட்டிக்கொள்ளும் கட்டங்களில் பெர்லினர் பழைய கறுப்பு வெள்ளைக் குத்துச்சண்டைத் துண்டுகளைச் செருகியிருக்கிறார். அபாரமான யோசனை. மகன் கேள்வி கேட்கிறார், அப்பா மறுக்கிறார், இரண்டு தடியர்கள் தாடையில் குத்திக்கொள்கிறார்கள். யார் ஜெயிக்கிறார்கள் என்று கடைசிவரை தெரியவில்லை. எனக்குத் தோன்றியது இதுதான்: ஆஸ்கர் மட்டும் முதல் கேள்விக்கே சமர்த்தாகப் பதில் சொல்லியிருந்தால் அந்தப் படம் பத்து நிமிஷத்தில் முடிந்து, யாரும் பார்க்காமல் பெட்டிக்குள் போயிருக்கும். மாட்டேன் மாட்டேன் என்று அவர் போட்ட அடத்தில்தான் மொத்தப் படமும் ஓடுகிறது. டைட்டிலில் திரைக்கதை என்று அவர் பெயரைப் போட்டிருக்கலாம்.

அதனால் நானும் மாட்டேன் என்று சொன்னேன். ஆனால் ஆஸ்கருடைய மறுப்பு அசல். என்னுடையது, பந்தியில் 'போதும் போதும்' என்று ஒரு கையால் மறித்துக்கொண்டே இன்னொரு கையால் இலையை நகர்த்திக் கொடுக்கிற வகை. மறுத்த அன்று சாயங்காலமே சலூனுக்குப் போய்விட்டு வந்தேன். "படம் எடுக்க வேண்டாம்னு சொன்னவருக்கு எதுக்குங்க டை?" என்று என் மனைவி கேட்டாள். வெயில் என்றேன். இன்றுவரை அந்தப் பதிலில் உள்ள தர்க்கம் எனக்கே விளங்கவில்லை.

மகள் ஒரு தாளை நீட்டினாள். ரிலீஸ் ஃபார்மாம். படத்தில் வருகிற ஒவ்வொருவரும் சம்மதித்துக் கையெழுத்துப் போட வேண்டும். நான் வங்கியில் கடன் பிரிவில் காலம் தள்ளியவன். எத்தனையோ பேரை, 'இங்க, இங்க, அப்புறம் பின்னாடி ஒண்ணு' என்று படிக்கவிடாமல் கையெழுத்து வாங்கியவன். அந்த அனுபவத்தினாலேயே எதையும் படிக்காமல் போடமாட்டேன். படித்தேன். என் உருவம், குரல், பெயர் ஆகியவற்றை இன்று இருக்கிற ஊடகங்களிலும் இனிமேல் கண்டுபிடிக்கப்படப்போகிற ஊடகங்களிலும், பிரபஞ்சம் முழுவதும், காலம் உள்ள வரைக்கும் பயன்படுத்தலாம் என்று நான் ஒப்புக்கொள்கிறேனாம். அமெரிக்க சினிமாக்காரர்கள் இப்படித்தான் எழுதுவார்களாம், அதிலிருந்து எடுத்தது. பிரபஞ்சம் என்பதை அடித்துவிட்டு 'செங்கல்பட்டு மாவட்டம்' என்று எழுதி, பக்கத்தில் சுருக்கொப்பமும் வைத்தேன். அவள் புதுத் தாள் எடுத்து வந்தாள்.

அடுத்தது செலவு. குடும்பத் தலைவன் என்ற பதவியில் இன்னும் என்னிடம் மிச்சம் இருக்கிற ஒரே இலாகா நிதி. எவ்வளவு ஆகும் என்றேன். அதற்கும் அவளிடம் ஓர் உதாரணம் இருந்தது. ஜானதன் கவ்வெட் என்ற அமெரிக்கர் 2003-ல் 'டார்னேஷன்' என்று ஒரு படம் எடுத்தார். பதினொரு வயதிலிருந்து தான் எடுத்து வைத்திருந்த வீடியோக்களையும் குடும்பப் புகைப்படங்களையும், ஆப்பிள் கம்ப்யூட்டரோடு சும்மா வருகிற ஐமூவி மென்பொருளில் போட்டு வெட்டி ஒட்டினார். மொத்தச் செலவு 218 டாலர் 32 சென்ட். அன்றைய கணக்கில் நம் பணம் சுமார் பத்தாயிரம். கேன் திரைப்பட விழா வரைக்கும் போனது. எனக்கு உடனே இந்தச் சுயாதீன சினிமா மீது ஒரு மரியாதை பிறந்தது. அந்த 32 சென்டைக்கூட விடாமல் எழுதி வைத்த மனிதர் என் மனசுக்கு நெருக்கமாகிவிட்டார். அப்புறம்தான் மகள் மீதியைச் சொன்னாள்: படம் வெளியாக வேண்டிய கட்டத்தில் பாட்டுகளுக்கு உரிமை வாங்கவும், தியேட்டர் பிரதி எடுக்கவும் அதைப்போலப் பல நூறு மடங்கு ஆனதாம். வீடு கட்டுகிறவர்களிடம் சதுர அடி விலை சொல்கிற மாதிரிதான் எல்லா ஊரிலும் சொல்கிறார்கள்.

படத்தையும் பார்த்தேன். மனநோயும் மின்அதிர்ச்சிச் சிகிச்சையும் உருக்குலைத்த ஒரு அம்மாவை, பிள்ளை விடாமல் பார்த்துக்கொண்டே இருக்கிற படம். அதற்கப்புறம் கணக்குப் பேச எனக்கு நாக்கு எழவில்லை. லென்ஸ் வாடகைக்குக் கேட்டதைக் கொடுத்துவிட்டேன்.

அடுத்த படம்தான் வீட்டில் கலவரம். கிர்ஸ்டன் ஜான்சன் என்ற ஒளிப்பதிவாளர், 2020-ல் 'டிக் ஜான்சன் இஸ் டெட்' என்று எடுத்தார். டிக் ஜான்சன் அவருடைய அப்பா, மனநல மருத்துவர், படம் எடுத்தபோது உயிரோடுதான் இருந்தார். ஆனால் ஞாபகம் கொஞ்சம் கொஞ்சமாக நழுவத் தொடங்கியிருந்தது. அம்மாவை ஏற்கெனவே அல்சைமர் நோய்க்குப் பறிகொடுத்தவர் மகள். அப்பாவும் போய்விடுவாரே என்ற பயத்தில், அவர் சாவதையே விதம்விதமாக ஒத்திகை பார்த்துப் படம் எடுத்துவிடுகிறார். தெருவில் நடந்து போகும் அப்பாவின் தலையில் மேலிருந்து ஏசி பெட்டி விழுகிறது. மாடிப்படியில் உருண்டு விழுகிறார். ஸ்டன்ட் ஆட்கள் உண்டு, பொய் ரத்தம் உண்டு, அவருடைய தேவாலயத்திலேயே நண்பர்களைக் கூட்டி ஓர் இறுதிச் சடங்கும் நடத்துகிறார்கள். அதை அப்பாவே நின்று பார்க்கிறார். சொர்க்கத்தில் அவருக்குப் பிடித்த சாக்லேட் தருகிறார்கள். பெரியவர் சிரித்துக்கொண்டே எல்லாவற்றுக்கும் ஒத்துழைக்கிறார்.

ஏசி விழுந்த மாத்திரத்தில் என் அம்மா எழுந்துவிட்டாள். "பொம்பளப் புள்ள செய்யற காரியமாடி இது? வாயக் கழுவு, கண்ணக் கழுவு" என்று பேத்தியைத் திட்டிவிட்டு, அடுப்படியிலிருந்து உப்பும் மிளகாயும் எடுத்து வந்து எனக்குச் சுற்றிப் போட்டாள். என் மனைவி மட்டும் ஜன்னல் பக்கம் பார்த்தபடி நிதானமாகச் சொன்னாள்: "நம்ம வீட்ல ஸ்டன்ட் ஆளே வேண்டாம். அந்த அவுட்டோர் யூனிட் ஸ்டாண்டு துருப்பிடிச்சு எத்தனை மாசமாச்சு? மெக்கானிக்க வரச் சொல்லுங்கன்னா, அவன் ஐந்நூறு ரூபா கூடக் கேக்கறான்னு உட்காந்திருக்கீங்க. கீழ் வீட்டு மாமா தினம் அதுக்கடியிலதான் நின்னு பேப்பர் படிக்கிறாரு."

மெக்கானிக் மறுநாள் வந்தார். அடையாளத்தைத் தேடும் சினிமாவினால் என் வீட்டில் உடனடியாக விளைந்த ஒரே நன்மை அது.

பெர்லினருடைய இன்னொரு படம் எனக்கு ரொம்பப் பிடித்தது. 'தி ஸ்வீட்டஸ்ட் சவுண்ட்', 2001. தன் பெயரிலேயே இன்னும் பலர் இருக்கிறார்கள் என்பது அவருக்கு உறுத்தல். பெல்ஜியத்தில் கிட்டத்தட்ட அதே பெயரில், அலென் பெர்லினர் என்று, இன்னொரு சினிமா இயக்குநர் வேறு. உலகத்தில் எங்கெங்கே ஆலன் பெர்லினர்கள் இருக்கிறார்களோ அத்தனை பேரையும் கண்டுபிடித்து நியூயார்க்கில் தன் வீட்டுக்குச் சாப்பாட்டுக்குக் கூப்பிடுகிறார். பலர் வருகிறார்கள். மேஜையைச் சுற்றி உட்கார்ந்து, இந்தப் பெயர் யாருக்குச் சொந்தம் என்று பேசுகிறார்கள். பெயர் தன் ஒருவனுக்கே வேண்டும் என்கிற ஆசையை அவர் மறைக்கவே இல்லை.

என் பெயர் பாலசுப்பிரமணியன். இதே திட்டத்தை நான் கையில் எடுத்தால் மேற்கு மாம்பலம் பாலசுப்பிரமணியன்களுக்கு மட்டுமே இரண்டு கல்யாண மண்டபம் பேச வேண்டும். எங்கள் தெருவிலேயே மூன்று பேர். என் கேஸ் சிலிண்டர் பாதி நாள் ரிட்டயர்ட் தாசில்தார் பாலசுப்பிரமணியன் வீட்டில் இறங்குகிறது. அவர் சம்சாரத்துக்கு வந்த சர்க்கரை ரிப்போர்ட் எனக்கு வந்து, அதைப் பார்த்து நான் ஒரு வாரம் கேப்பைக் கூழ் குடித்தேன். தனித்துவம் என்பதெல்லாம் எங்களுக்கு இனிஷியலோடு சரி.

இதுவரை சிரித்துக்கொண்டே பார்த்தவன், சாரா பாலியின் படத்தில் மாட்டிக்கொண்டேன். கனடாக்காரர், நடிகை, இயக்குநர். 2012-ல் எடுத்த 'ஸ்டோரீஸ் வி டெல்'. பதினோரு வயதில் அம்மாவை இழந்தவர். அம்மாவும் நடிகை. இவள் அப்பா ஜாடையில் இல்லையே என்று வீட்டில் அண்ணன் அக்காமார் கேலி செய்வதுண்டு. வளர்ந்த பிறகு, கேலி இல்லை, நிஜம் என்று தெரிகிறது. பெற்ற தகப்பன் வேறொருவர்: மாண்ட்ரியலில் ஹாரி கல்கின் என்ற தயாரிப்பாளர். அவர் 1975-ல் தயாரித்த படத்தின் பெயரைக் கேளுங்கள்: 'லைஸ் மை ஃபாதர் டோல்ட் மி'. அப்பா எனக்குச் சொன்ன பொய்கள்! கதாசிரியன் இப்படி எழுதியிருந்தால் 'ரொம்ப செயற்கை' என்று திருப்பி அனுப்பியிருப்பார்கள்.

நம் சீரியல்களில் டி.என்.ஏ. ரிப்போர்ட்டை யார் மாற்றி வைத்தது என்பதற்கே ஒரு வருஷம் ஓட்டுவார்கள். இங்கே வளர்த்த தகப்பன் மைக்கேல் பாலி, விஷயம் தெரிந்ததும் உட்கார்ந்து எல்லாவற்றையும் எழுதுகிறார். அந்த எழுத்தைத்தான் படத்தின் பின்னணிக் குரலாக ஒலிப்பதிவுக் கூடத்தில் அவரே வாசிக்கிறார். மகள் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து, அந்த வரியை இன்னொரு தடவை வாசியுங்கள் அப்பா என்கிறார். அவரும் வாசிக்கிறார். இந்தக் காட்சியைப் பார்த்தபோது என் சங்கத்தின் தலைவர் பதவியை மைக்கேல் பாலிக்கு மாற்றிவிடலாமா என்று யோசித்தேன். 'நீ எனக்குப் பிறந்தவள் இல்லை' என்கிற வாக்கியத்தை ரீடேக் வாங்கிச் சொல்ல எத்தனை பேருக்கு நெஞ்சு இருக்கும்?

படத்தில் வீட்டார் எல்லோரையும் தனித்தனியாக உட்காரவைத்து, முழுக் கதையையும் உங்கள் வாயால் சொல்லுங்கள் என்கிறார் சாரா. ஆளுக்கொரு கதை வருகிறது. கல்கினுக்கு அது பிடிக்கவில்லை. நடந்ததைச் சொல்லும் உரிமை நடத்தியவர்களுக்குத்தான் என்கிறார். இடையிடையே பழைய வீட்டுப் படச்சுருள் மாதிரி காட்சிகள் வருகின்றன. அதில் பலது நிஜமே இல்லை, நடிகர்களை வைத்து சூப்பர் 8 கேமராவில் எடுத்தது என்று பாதிப் படத்துக்கு மேல்தான் தெரிகிறது. நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். ஆளுக்கொரு கதை என்றால் என் வீட்டிலும் ஆளுக்கொன்று இருக்குமே!

இருந்தது. நான் மகளிடம் காலங்காலமாகச் சொல்லி வந்த வரலாறு, ஒரு தகரப் பெட்டியோடு எழும்பூரில் இறங்கி, யார் தயவும் இல்லாமல் சொந்தக் காலில் நின்றது. அவள் அதைப் பாட்டியிடம் சரிபார்த்திருக்கிறாள். கேமரா முன்னால் என் அம்மா வெற்றிலையை மடித்துக்கொண்டே சொன்னது: "பெட்டிய தூக்கிட்டு வந்தவன் என் தம்பி. இவன் கையில முறுக்கு பொட்டலம் மட்டுந்தான் இருந்துச்சு. பேங்க் பரிச்சைக்கு ஃபாரம் வாங்கினது, ரொப்பினது, பணம் கட்டினது எல்லாம் மாமன்காரன். பரிச்சை மட்டும் இவன் எழுதினான். அதுக்கும் வாசல் வரைக்கும் கொண்டுபோய் விட்டது அவன்தான்." எடிட்டிங்கில் இதை எடுத்துவிடச் சொன்னேன். முறுக்கு பொட்டலம்தான் படத்தின் உயிர்நாடி என்கிறாள் மகள். சூப்பர் 8 மாதிரி அந்தக் காட்சியை நடிகரை வைத்து எடுக்கப்போகிறாளாம். என் வேஷத்துக்கு எதிர்வீட்டுப் பையன். முறுக்கு மட்டும் நிஜம்.

என் பங்கு ஹாலில் படமானது. முதலில் ஃபேனை நிறுத்தினாள், காற்றுச் சத்தம் விழுகிறதாம். பிறகு ஃபிரிட்ஜை நிறுத்தினாள். சட்டையில் குத்திய மைக்கில் கஞ்சி உரசுகிறது என்று சட்டையை மாற்றச் சொன்னாள். சலூன் டை வியர்வையோடு காதோரமாக இறங்க ஆரம்பித்தது. அந்தக் கோலத்தில், "உங்களுக்கும் தாத்தாவுக்கும் பேச்சுவார்த்தை எப்படிப்பா இருந்தது?" என்று கேட்டாள். ஆஸ்கர் பாணியில் கர்ஜிக்கலாம் என்று தயார் செய்து வைத்திருந்தேன். வாயைத் திறந்தால், "நல்லா இருந்தது" என்று பள்ளிக்கூடப் பிள்ளை போலக் குரல் வந்தது. அவள் பேசாமல் இருந்தாள். கேள்வி கேட்டுவிட்டுச் சும்மா இருப்பதுதான் இவர்களுடைய வித்தை என்று அப்புறம் தெரிந்துகொண்டேன். எதிரில் உள்ளவன் அந்த மௌனம் தாங்காமல் உளறிக் கொட்டுவான். நான் கொட்டினேன். அப்பாவிடம் நான் கடைசிவரை நின்றுகொண்டே பேசியது, அவர் என் மார்க் ஷீட்டைப் பார்த்துவிட்டு மின்சார பில்லை எடுத்துப் பார்த்தது, எல்லாம்.

கடைசியில் ரூம் டோன். யாரும் பேசாத வெறும் அறையின் சத்தத்தை ஒரு அரை நிமிஷம் தனியாகப் பதிவு செய்துகொள்வார்களாம். எடிட்டிங்கில் இட்டு நிரப்ப உதவும். எங்கள் வீட்டில் எல்லோரும் ஒரே நேரத்தில் அரை நிமிஷம் வாய்மூடி இருக்க வேண்டும் என்று ஒரு கோரிக்கை வந்தது சரித்திரத்தில் முதல் தடவை. இருந்தோம். இருபதாவது விநாடியில் தெருவில் பழைய இரும்பு, பிளாஸ்டிக் வாங்குகிறவருடைய ஒலிபெருக்கி வந்தது. மறுபடி. அம்மா தும்மினாள். மறுபடி. "எவ்வளவு நேரம்டி சும்மா இருக்கறது, சாம்பார் தீஞ்சிடும்" என்றாள் என் மனைவி.

அவள் ஆரம்பத்திலிருந்தே, "என்னை இழுக்காதீங்க, எனக்குச் சொல்ல ஒண்ணுமில்லை" என்று ஒதுங்கி இருந்தவள். அதை நம்பித்தான் ரிலீஸ் ஃபார்மில் பிரபஞ்சத்துக்குக் கையெழுத்துப் போட்டேன். எல்லாம் முடிந்த ஒரு மத்தியானம், உள் அறையில் உட்கார்ந்து ஐந்து நிமிஷம் பேசட்டுமே என்று மகள் அழைத்துப் போனாள். கதவைச் சாத்திக்கொண்டார்கள். ஐந்து நிமிஷத்துக்கு மேல் போனது. மெமரி கார்டு மாற்ற மகள் ஒரு தடவை வெளியே வந்து, என் முகத்தைப் பார்க்காமல் உள்ளே போனாள். சிரிப்புச் சத்தம் கேட்டது. பிறகு என் பெயர், என் தங்கை பெயர், 'அந்த ஊட்டி டிரிப்' என்று துண்டு துண்டாக ஏதோ. நான் பேப்பரைக் கையில் வைத்துக்கொண்டு, தற்செயலாக, கதவோரமாக நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தேன்.

"அப்பா!" என்றாள் மகள் உள்ளேயிருந்து. "நீங்க மூச்சு விடறது மைக்ல விழுது. தள்ளிப் போங்க."

"அவர் இருக்கட்டும்டி" என்றாள் என் மனைவி. "கேக்கணும்னுதான் இவ்வளவு சத்தமா சொல்லிட்டிருக்கேன்."